வந்தால் சத்தம் கொடு

ஏப்ரல் 18

இன்றைக்கும் திட்டு. நான் செய்த குற்றம், நடந்தது.

மாமா மாட்டுக் கட்டுத்தரையில் தாழிக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார். காபி டம்ளரோடு போய்ப் பக்கத்தில் நின்றேன். அவராகத் திரும்பட்டும் என்று காத்திருந்தேன். திரும்பியவர் நேராக டம்ளர் மேலேயே மோதினார். காபி முழுக்க அவர் வேட்டியில்.

"பூனையாட்டம் வந்து நிக்கறே? ஆளு வந்தா ஒரு சத்தம் குடுக்கோணும்னு உங்கொப்பன் ஊட்டுல சொல்லிக் குடுக்கலியா?"

சொல்லிக் கொடுக்கவில்லை. அப்பா விசைத்தறியில் இரவு ஷிப்ட் முடித்துவிட்டுப் பகலில் தூங்குவார். ஒரே அறை. சத்தமில்லாமல் நடக்கவும் சாப்பிடவும் படிக்கவும்தான் நாங்கள் பழகினோம். அப்படிப் படித்துத்தான் எங்கள் வம்சத்திலேயே முதல் பட்டம், பி.எஸ்ஸி. இயற்பியல், என் பெயருக்குப் பின்னால் வந்தது. இதையெல்லாம் மாமனாரிடம் சொல்ல முடியுமா? "மன்னிச்சுக்குங்க மாமா" என்றேன். அதுவும் வெளியே வரவில்லை.

ஏப்ரல் 21, ஞாயிறு

இவர், என் வீட்டுக்காரர், திருப்பூரிலிருந்து வந்தார். பனியன் கம்பெனியில் சூப்பர்வைசர், ஞாயிறு மட்டும்தான் விடுமுறை. தை மாதம் அத்தை இறந்தபோது, "ஒரு மாசம் அப்பாகூட இரு இந்து, அதுக்குள்ள பேசிச் சம்மதிக்க வெச்சுக் கூட்டிட்டுப் போயிரலாம்" என்று என்னை இங்கே விட்டுப் போனார். அந்த ஒரு மாதம் இன்னும் முடியவில்லை.

இன்றும் அதே பேச்சு.

"அங்க வந்து நிம்மதியா டிவி பாத்துட்டு உக்காந்திருங்கப்பா. வேளைக்குச் சோறு."

"டிவிய நீயே பாரு. நாலாவது மாடில நின்னுக்கிட்டு நான் எதை மேய்க்கறது? காக்காயவா?"

நீ ஏதாவது சொல்லேன் என்பது போல இவர் என்னைப் பார்த்தார். நான் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தேன்.

திருப்பூரில் ஒரு பள்ளிக்கூடத்தில் மார்ச்சில் மாதிரிப் பாடம் எடுத்துக் காட்டினேன். "பாடம் நல்லா இருக்கு, ஆனா உங்க குரல் பின் பெஞ்சுக்கு வரலையே" என்றார் தலைமை ஆசிரியை. ஜூன் 5 மறுபடி வரச் சொல்லியிருக்கிறார். இந்த மனிதர் அதற்குள் அசைந்தால்தான் நான் போக முடியும். எழுபத்தாறு வயதில் தனியாக விட்டுப் போக முடியாது என்று இவர் சொல்கிறார். அதுவும் நியாயம்தான். எல்லோர் பக்கமும் நியாயம் இருக்கிறது, அதுதான் எரிச்சல்.

ஏப்ரல் 25

மணி, மணி, மணி. தலை வெடிக்கிறது.

கண்ணபுரம் சந்தையிலிருந்து மாடுகளுக்குக் கழுத்து மணி வாங்கி வரச் சொல்லி மாரக்காவின் புருசனை அனுப்பியிருந்தார். மாரக்கா காலையில் வந்து சாணி வழித்துக் கட்டுத்தரையைக் கூட்டுகிறவர். வந்த மணிகளை ஒவ்வொன்றாகக் காதருகே ஆட்டி, "இதும் அதும் ஒரே மாதிரி கேக்குது, திருப்பிக் குடுத்துட்டு வேற வாங்கியா" என்று இரண்டைத் திருப்பி அனுப்பினார். ஆறு மாட்டுக்கும் ஆறு சத்தம் வேண்டுமாம். கச்சேரியா நடத்தப் போகிறார்?

கல்லூரித் தோழி போனில் கேட்டாள், கொறங்காடு என்றால் காடா என்று. உழாத, விதைக்காத மேய்ச்சல் நிலம், சுற்றிலும் கிளுவை முள்வேலி, உள்ளே கொழுக்கட்டைப் புல், வெள்வேல மரங்கள், ஆறு மாடு, நடுவில் நான் என்றேன். சிரித்தாள். நான் சிரிக்கவில்லை.

சாயங்காலம் மரத்தடியில் ஒரு மாடு படுத்திருந்தது. "அது செவலையா, மயிலையா?" என்று கேட்டார். சிவப்பு மாட்டுக்கும் வெள்ளை மாட்டுக்கும் வித்தியாசம் தெரியுமா என்று படித்த மருமகளுக்குப் பரீட்சை வைக்கிறார். "செவலைங்க" என்றேன். "ம்" என்றார். பாஸ் போலிருக்கிறது.

ஏப்ரல் 27

நீர்ச் சொம்பைக் கழுவி ஜன்னலில் வைத்திருந்தேன். இடம் மாறிவிட்டதாம். அரை மணி நேரக் கூச்சல். "உங்கத்தை இருந்தவரைக்கும் ஒரு சாமான் நகந்ததில்ல!" சொம்பு அவர் மூக்குக்கு நேரே இருந்தது.

ஏப்ரல் 30

பக்கத்துக் காட்டுக்காரர் போன வருடம் சோலார் கம்பெனிக்கு நிலத்தைக் குத்தகைக்கு விட்டுவிட்டார். இப்போது வேலிக்கு அந்தப் பக்கம் புல் இல்லை, வரிசை வரிசையாகக் கண்ணாடித் தகடுகள். வெயில் சாயும்போது அடுப்படி வரை கூசுகிறது.

மாமா அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டு நின்றார். "அக்கட்ட என்ன, தண்ணி நிக்குதா அம்மிணி?"

ஒரு சொட்டு மழை இல்லாத சித்திரையில் தண்ணீராம். கேலி செய்கிறாரா, அந்தக் குத்தகைக்காரர் மேல் உள்ள கோபத்தைக் காட்டுகிறாரா, புரியவில்லை. "இல்லைங்க" என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே வந்துவிட்டேன்.

மே 4

மறுபடி வேலிக் கடவு முள்ளில் சேலை கிழிந்தது. இது மூன்றாவது சேலை.

மே 12, ஞாயிறு

கடைசியில் ஒரு நல்ல காரியம் நடந்தது.

எங்கள் கொறங்காட்டுக்குள் போக வேலியில் ஒரு கடவு இருக்கிறது. இரண்டு கல்தூண்கள், இடையில் ஒரு ஆள் ஒருக்களித்துப் போகிற சந்து. மனிதர் போகலாம், மாடு வெளியே வர முடியாது. இரண்டு பக்கமும் முள். தண்ணீர்க் குடத்தோடு அதில் நுழைவது ஒரு தண்டனை. இவரிடம் சேலையைக் காட்டி, ஒரு கேட் போட்டால் என்ன என்று கேட்டிருந்தேன். நான்தான் கேட்டேன்.

மாமா இன்று மாரக்காவின் புருசன் வண்டியில் ஒரு காதுகுத்துக்குப் போயிருந்தார். "அவர்கிட்டக் கேட்டா நடக்காது, போட்டுட்டா ஒண்ணும் சொல்ல மாட்டாரு" என்று இவர் ஜேசிபி வைத்துத் தார்ரோட்டுப் பக்கம் வேலியை எடுத்து இரும்புக் கேட் நிறுத்திவிட்டார். வண்டியே உள்ளே வரலாம். பழைய கடவில் வேலமுள்ளை வெட்டிப் போட்டு அடைத்தாயிற்று. மாலை பஸ்ஸுக்கு இவர் கிளம்பினார். "நீ சொல்லிரு இந்து."

சொல்ல வாயெடுத்தேன். சோறு குழைந்துவிட்டது என்று ஆரம்பித்தார். காலையில் சொல்லிக்கொள்ளலாம்.

மே 13

சொல்லவில்லை. எனக்கு முன்னே எழுந்து போய்விட்டார்.

நான் பால் செம்போடு போனபோது கடவுக்குப் பக்கத்தில் நின்றிருந்தார். முள்ளுக்குள் நேராக நடந்திருக்கிறார். நெற்றியில் கீறல், இரண்டு கையிலும் ரத்தம், துண்டு முள்ளில் தொங்குகிறது. கத்துவார் என்று நினைத்தேன். கத்தவில்லை. வேலியின் மேல் கை வைத்து, ஒவ்வொரு கிளுவையாகத் தொட்டுத் தொட்டு மெல்ல நகர்ந்துகொண்டிருந்தார். சில இடத்தில் நின்று அடித்தண்டைத் தடவினார். "இது தெக்கு மூலை... இது அந்த மழைல ஊனுன போத்து..." தனக்குத்தானே பேசிக்கொண்டார். போத்து என்றால் வேலிக்காக வெட்டி நடுகிற கிளை. வழி தவறிய ஆள் பேசுகிற பேச்சு அது. சொந்தக் காட்டில், வீட்டிலிருந்து கூப்பிடு தூரத்தில்.

நான் அவர் முன்னால் போய் நின்றேன். நாலடி தூரம். வெயில் நன்றாக ஏறிவிட்டிருந்தது. அவர் என்னை நோக்கி வந்தார். நிற்கவில்லை. இன்னும் ஒரு எட்டு வைத்தால் செம்பில் மோதுவார். இருமினேன்.

"ஆரது?"

"நான்தானுங் மாமா."

"எந்நேரமா நிக்கறே?"

"இப்பத்தானுங்."

அப்போதுதான் அவர் முகத்தைப் பார்த்தேன். கல்யாணமாகி ஒரு வருடம், மாமனார் முகத்தை நான் நிமிர்ந்து பார்த்ததே இல்லை. கண்மணி இரண்டும் பால் திரிந்தது போல வெளுத்திருந்தன.

"கன்னுக்குட்டி இடிச்சுத் தள்ளீருச்சு" என்றார். ஆமாம் என்றேன். மஞ்சள் வைத்துக் கட்டிவிட்டேன். பிறகு கடவு முள்ளையெல்லாம் நானே இழுத்துப் போட்டேன். என் கையிலும் கீறல்.

மே 14

மாரக்காவிடம் கேட்டேன்.

"எனக்குத் தெரியாதா அம்மிணி? ரெண்டு வருசமா வளையலக் குலுக்கிக்கிட்டுத்தான் கட்டுத்தரைக்குள்ளயே போறேன். இல்லீனா சாணிக்கூடையோட என்னையும் சேத்துக் குப்பைல கொட்டீருவாரு."

"அத்தைக்கு?"

"அந்தம்மாதான அவருக்குக் கண்ணு! சாமானெல்லாம் வெச்ச எடத்துல வெச்சு, 'இந்தா வர்றேன், இந்தா போறேன்'னு பேசிக்கிட்டே இருக்கும். ஊருல எல்லாரும் அதுக்கு வாயாடின்னு பேரு வெச்சிருந்தாங்க."

"என்கிட்ட ஏனக்கா சொல்லல?"

"நீ எங்க வாயத் தொறந்து கேட்டே?"

மாலையில் இவர் போன் செய்தார். அப்பா எப்படி இருக்கிறார் என்றார். "அப்பாவுக்குக் கண் தெரியவில்லை" என்று ஒரு வாக்கியம் சொன்னால் போதும். ஞாயிறன்று வண்டி வரும், மாடு போகும், காடு குத்தகைக்குப் போகும், ஜூன் 5 நான் பள்ளிக்கூடத்தில் நிற்பேன். எல்லாம் கோர்வையாக மனதில் ஓடியது.

"நல்லா இருக்காருங்க" என்றேன். சிக்னல் சரியில்லை. அதனால்தான்.

மே 17

பொறுக்க முடியவில்லை. ஏதோ ஒரு சட்டியில் அவர் கால் இடறியதும், என்மேல் பாய்ந்ததும், கேட்டுவிட்டேன்.

"மாமா, உங்களுக்குக் கண்ணு தெரியறதில்லீங்."

"உனக்கு வாயி பேசறதில்ல. அத நான் ஊருக்குள்ள சொல்லிட்டா இருக்கறேன்?"

இடறிய சட்டியை ஓரமாக நகர்த்தினேன். பிறகு அவரே, "ஆருகிட்டச் சொன்னே?"

"ஆருகிட்டயும் சொல்லலீங்."

"சொல்லீராதே. சொன்னா லோகு என்னையக் கூட்டிட்டுப் போயிருவான்."

"கண்ணுப் பொரைதானுங் மாமா. ஆபரேசன் பண்ணுனாத் தெரியுமுங். காலைல போனா அடுத்த நாளு வந்தர்லாம்."

"வந்தர்லாம். வந்து?" தாழியின் விளிம்பைப் பிடித்துக்கொண்டார். "உங்கத்தைக்கு முடியலைன்னு ஆஸ்பத்திரி வராந்தால நான் கெடந்தன்ல. அவளச் சுடுகாட்டுக்குத் தாட்டி உட்டுட்டு வந்து, இந்தத் தாழிகிட்ட நின்னு 'பா... பா'ன்னு கூப்படறேன். எல்லா மாடும் வருது. காரிக்காளை வருல. சத்தங் குடுத்துச் சத்தங் குடுத்துத் தொண்டை வத்திப் போச்சு. கட்டுத்தரைல போயித் தடவுனா கயிறு மட்டும் கெடக்குது. அத்தனை துக்கத்துலயும் அவன் யாவாரிய வரச்சொல்லி ஏத்தி உட்டிருக்கறான். அந்தக் காளையோட பாட்டனுக்குப் பாட்டன் இந்தக் காட்டுல பொறந்தது."

இவர் எனக்கு வேறு மாதிரி சொல்லியிருந்தார். அம்மா போன வீட்டில் முரட்டுக் காளையை யார் கட்டி மேய்ப்பது, அப்பாவைக் குத்திவிட்டால் என்ன செய்வது என்று. அதுவும் பொய்யில்லை. அத்தை இருந்தபோது இங்கே வந்து போன சமயங்களில் அந்தக் காளை என்னை இரண்டு முறை துரத்தியிருக்கிறது.

"இந்த வேலில பாதிப் போத்து என்ற கையால ஊனுனது. கண்ணு போனதுக்கப்பறம் எனக்கு வேலிதான் வழி சொல்லுது. அங்க எந்தச் செவுரு எனக்கு வழி சொல்லும்?"

எனக்கு அழுகை வரவில்லை. கோபம்தான் வந்தது. குணமாகிற வியாதியை வைத்துக்கொண்டு இரண்டு வருடமாக முள்ளில் உரசிக்கொண்டு திரிகிறார்! கூடவே நாங்களும்!

"நீங்க ஆபரேசனுக்குப் போங்க. நீங்க வர்ற வரைக்கும் நான் இங்கயே இருக்கறேன். ஒரு மாடு வெளிய போகாது."

"நீயா?" சிரித்தார். "ஒரு கோழியத் தொரத்தோணும்னாலே உனக்குச் சத்தம் வராது."

மே 19, ஞாயிறு

காட்டை நான் பார்த்துக்கொள்வதென்றால் சரி என்று நேற்று மாமா இறங்கிவந்தார், இன்று இவரிடம் சொன்னோம். முதலில் தன் அப்பா முன்னால் உட்கார்ந்து அந்தக் கண்களையே பார்த்துக்கொண்டிருந்தார். "ரெண்டு வருசமாவாப்பா?" என்றார். எழுந்து போய்க் கிணற்றடியில் வெகுநேரம் முகம் கழுவினார்.

திரும்பி வந்ததும் பழைய லோகநாதன். கோவையில் ஆபரேஷன், பிறகு திருப்பூரில் ஓய்வு, "அப்பறம் பாத்துக்கலாம்." அந்த "அப்பறம்" எனக்குப் பிடிக்கவில்லை. மாமாவுக்கும் பிடிக்கவில்லை. என் பக்கம் முகத்தைத் திருப்பினார். நான் இருமினேன்.

மே 24

ஆபரேஷன் ஜூன் 4. பள்ளிக்கூடத்துக்குப் போன் செய்து 5ஆம் தேதி வர முடியாது என்றேன். வேறு தேதி கிடைத்தால் சொல்கிறோம் என்றார்கள்.

ஜூன் 3

கிளம்புவதற்குள் உயிரை வாங்கிவிட்டார். வேலியை ஒரு சுற்று கையால் தொட்டுக்கொண்டே வந்தார். ஒவ்வொரு மாட்டின் கழுத்தையும் தடவினார். மயிலைக்குத் தவிடு குறைவாக, செவலைக்கு உப்பு அதிகம், கன்றை ஈரத்தில் கட்டாதே, கூப்பிடும்போது குரலை இழுத்துக் கூப்பிடு. கூப்பிட்டுக் காட்டச் சொன்னார். கூப்பிட்டேன். ஒரு மாடும் திரும்பவில்லை.

"கொசு கத்தற மாதிரி இருக்குது."

இன்னொரு முறை. இன்னொரு முறை. மாரக்கா சிரித்துச் சிரித்துக் கூடையைக் கீழே வைத்துவிட்டார். கடைசியில் எரிச்சலில் அடிவயிற்றிலிருந்து ஒன்று வந்தது. மயிலை தலையைத் தூக்கிப் பார்த்தது. மாமாவும்.

காரில் ஏறியபின், "பேச்சு மாறீராதே அம்மிணி" என்றார். அந்த 'சொல்லீராதே'க்குப் பிறகு என்னிடம் அவர் கேட்டுக்கொண்டது இது ஒன்றுதான்.

ஜூன் 5

ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது என்று நேற்றே போன் வந்தது. ஆஸ்பத்திரியில் மாமாவோடு இவருடைய சித்தி இருக்கிறார், நாளைக்குத் திருப்பூருக்குக் கூட்டிப் போவார்களாம்.

இன்று பத்து மணிக்கு ஒரு மினி லாரி இரும்புக் கேட் முன்னால் வந்து நின்றது. இவரும் ஒரு மாட்டு வியாபாரியும் இறங்கினார்கள்.

"கேட்டத் தொற இந்து."

"பூட்டியிருக்குதுங்."

"சாவி?"

சாவி என் இடுப்பில் இருந்தது. "இல்லைங்க" என்றேன். இவர் கடவு வழியாக உள்ளே வரப் பார்த்தார். நான் போய் இரண்டு கல்லுக்கும் நடுவில் நின்றுகொண்டேன்.

"கண்ணு தெரிஞ்சா மட்டும் ஆச்சா? வயசு எழுபத்தாறு. ஒருநாள் வழுக்கி விழுந்து கெடந்தா ஆரு பாக்கறது? உனக்கும் வேலை போச்சு. நான் உனக்காகவும்தான் செய்யறேன்."

உண்மைதான். ஒவ்வொரு சொல்லும் உண்மை. பதில் சொன்னேன். என்ன சொன்னேன் என்று கோர்வையாக நினைவில்லை. கொஞ்சம் சத்தமாகப் பேசிவிட்டேன் போலிருக்கிறது.

மாரக்கா சொன்னதை எழுதுகிறேன்: "தார்ரோட்டுல போன டவுன் பஸ்ஸு நின்னு பாத்துட்டுப் போச்சு. 'அவரு ஆஸ்பத்திரில கெடக்கறப்ப அவரு மாட்ட ஏத்தறதுக்கு நீங்க எத்தன தடவ வருவீங்க? அவரு வந்து நின்னு, பாத்து, போகட்டும்னு சொன்னாப் போகட்டும்! பாக்கறதுக்குத்தான கண்ணே!' அப்படீன்னு கத்துனே. மாடெல்லாம் கூப்பிட்டீன்னு நெனச்சுக்கிட்டு ஓடியாந்துருச்சு."

மாடுகள் வந்தது நினைவிருக்கிறது. முதுகில் மயிலையின் மூச்சு பட்டது.

வியாபாரி துண்டை உதறித் தோளில் போட்டார். "ஏனுங் தம்பி, ஊட்டுல ஒரு வார்த்தை பேசிட்டு என்னைக் கூப்புட்டிருக்கலாமுல்லங்கோ?" என்று சொல்லிவிட்டு லாரியில் ஏறினார்.

இவர் சாப்பிடாமல் போய்விட்டார். ரசம் வைத்திருந்தேன். நானும் சாப்பிடவில்லை.

ஜூன் 7

இவர் போன் செய்தார். "அப்பாகிட்ட நானே சொல்லிட்டேன், லாரி கூட்டிட்டு வந்ததை." என்ன சொன்னார் என்று கேட்டேன். "ஒண்ணும் சொல்லல. 'அந்தப் புள்ளைக்கா அத்தன சத்தம் வந்துச்சு?'ன்னு நாலு தடவை கேட்டாரு."

ஜூன் 12

மாமாவை இவரே கொண்டுவந்து விட்டார். ஒரு கண்ணில் ஆபரேஷன் ஆகியிருக்கிறது, இன்னொன்று அடுத்த மாதம். கறுப்புக் கண்ணாடி. குனியக் கூடாது, தலைக்கு ஊற்றக் கூடாது, தூசிக்குப் போகக் கூடாது. காரிலிருந்து இறங்கியதும் நேராகத் தூசிக்குத்தான் போனார்.

கடவில் நின்று காட்டைப் பார்த்தார். வெகுநேரம். இவர் ஒரு பக்கம், நான் ஒரு பக்கம். பூரித்துப் போவார் என்று எதிர்பார்த்தது என் தப்பு.

"வடக்கு மூலைல வேலி பூராத்தும் சூம்பிக் கெடக்குது! ஒருத்தருகூடச் சொல்லுல! மயிலைக்கு எப்ப இத்தன வயசாச்சு? எலும்பு தெரியுது!" திரும்பினார். பக்கத்துக் காட்டின் தகடுகள் வெயிலில் தகதகத்தன. கண்ணாடியைக் கழற்றப் போனார், நான் கையைப் பிடித்தேன்.

"இதா அந்தத் தண்ணி?"

"ஆமாங் மாமா."

"புல்லே இல்லியா அக்கட்ட?"

"இல்லைங்."

தலையை ஆட்டிக்கொண்டார். "இத்தன கண்ணாடி வெச்சுட்டு எவன் மூஞ்சியப் பாக்கறான்?" கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு இவரைப் பார்த்தார். "ஏண்டா, உனக்குத் தல நரச்சுப் போச்சே."

இவர் தலையைத் தடவிக்கொண்டார். வியாபாரி பேச்சை யாரும் எடுக்கவில்லை. கிளம்பும்போது, ஐப்பசி மழைக்கு வடக்கு மூலையில் போத்து ஊன ஆள் வேண்டுமா என்று மட்டும் அப்பாவிடம் கேட்டுவிட்டுப் போனார்.

அதற்கப்புறம்தான் மாமா என்னைப் பார்த்தார். நான் சேலைத் தலைப்பை இழுத்துக்கொண்டேன்.

"இத்தூண்டுப் புள்ளையா நீயி? சத்தத்தக் கேட்டுட்டு நல்லா ஆளு ஒசரம்னு நெனச்சேன்."

எந்தச் சத்தத்தை? தை மாதத்திலிருந்து சத்தமே இல்லை என்றுதானே திட்டினார்!

ஜூன் 20

சொட்டு மருந்து போடுவதற்குள் தினமும் ஒரு யுத்தம். கண் தெரிய ஆரம்பித்ததும் திட்டுவதற்குப் புதுப்புது விஷயங்கள் தெரிகின்றன. சுவரில் ஒட்டடை. தோசையில் ஓட்டை. என் நடை கோணல்.

பள்ளிக்கூடத்திலிருந்து கூப்பிட்டார்கள். 24ஆம் தேதி.

ஜூன் 24

காலை ஆறரை பஸ்ஸில் போனேன். மாமாவை மாரக்கா பார்த்துக்கொண்டார். என்னை யார் பார்த்துக்கொள்ளச் சொன்னது என்று இருவருக்கும் சண்டையாம்.

ஒளிவிலகல் நடத்தினேன். பாதியில் தலைமை ஆசிரியை கையைத் தூக்கினார். "போதும்மா, பக்கத்து வகுப்புல பாடம் நடக்குது." ஜூலை ஒன்றாம் தேதி வரச் சொல்லியிருக்கிறார்கள். தினமும் பஸ்ஸில் போய் வருவேன். மாலை ஆறுக்குள் வந்துவிடலாம்.

வெயில் தாழத் திரும்பினேன். மாமா காட்டின் அந்தக் கோடியில், வெள்வேல மரத்தடியில், செவலையின் கொம்பைத் தேய்த்துக்கொண்டிருந்தார். நான் கடவில் ஒருக்களித்து நுழைந்து, பழக்கப்படி அடிவயிற்றிலிருந்து, "நான்தானுங் மாமாஆஆ!" என்றேன். ஆறு மாடும் திரும்பின.

"தெரியுது, தெரியுது! எதுக்கு இந்தக் கத்துக் கத்தறே? கண்ணு தெரியற மனுசன் இங்க உக்காந்திருக்கறேன்ல?"

சேலை மறுபடி முள்ளில் மாட்டிக்கொண்டது. இந்த மனிதரோடு என்னதான் செய்வது.